ஹனீபா நானாவின் கடை கோட்டையான கதை

போன மாதம் ஒரு பலசரக்குக் கடைக்குள் குடை பிடித்துக்கொண்டு நின்று சீனி வாங்கினேன்.

வெளியே மழை. உள்ளேயும் மழை. ஒரே வித்தியாசம், வெளியே பெய்த மழை சுத்தமாக இருந்தது. உள்ளே பெய்தது பழைய ஓட்டின் பாசியையும் கூரையில் குடியிருந்த பூச்சிகளையும் சேர்த்து அள்ளிக்கொண்டு வந்தது. கடைக்காரர் ஹனீபா நானாவுக்கு ஒரு கையில் குடை, மறு கையில் சீனிக் கரண்டி. தராசுத் தட்டில் சீனியும் மழையும் மாறி மாறி விழுந்தன.

"தண்ணிய நான் சும்மா தாறன் மாஸ்டர். சீனிக்கி மட்டும் தாங்க" என்றார்.

சிரிக்கலாமா கூடாதா என்று எனக்குத் தெரியவில்லை. ஏனென்றால் அந்தக் கடை ஒழுகுவதற்குக் காரணம் மழை இல்லை. எஹலியகொடப் பக்கத்தில் மழை பெய்வது ஒரு செய்தியா என்ன? பெய்யாவிட்டால்தான் செய்தி. கூரை ஓடும் காரணமில்லை. பாவம், அதற்கு வயதாகிவிட்டது. காரணம் — இந்தப் பத்தி. வாராவாரம் உங்களோடு வாய் ஓயாமல் பேசிக்கொண்டிருக்கிறதே, இதே பத்தி.

எங்கள் டவுனின் பழைய கட்டிடங்களைப் பற்றி நாலு வாரம் எழுதினேனே, நினைவிருக்கிறதா? முதல் வாரம் ரெஸ்ட் ஹவுஸ். தோட்டத்துத் துரைமார் மட்டும் கால் நீட்டி உட்கார்ந்த அந்த நீள வராந்தாவில் இன்று கல்யாணப் பார்ட்டிகள் பைலா ஆடுகின்றன என்று எழுதினேன். இரண்டாம் வாரம் தபால் கந்தோர். தோட்டத் தொழிலாளர் லயத்திலிருந்து போகிற ஆள் அண்ணாந்து பார்த்தால்தான் கிளாக்கர் ஐயாவின் முகம் தெரியும், அவ்வளவு உயரத்தில் கவுண்டரைக் கட்டியிருக்கிறார்கள் என்று எழுதினேன். மூன்றாவது மணிக்கூண்டு. நாலு பக்கம் நாலு மணி காட்டும். எந்தத் திசையிலிருந்து வந்தாலும் நீங்கள் லேட்தான்.

மூன்றும் நல்ல பெயர் வாங்கித் தந்தன. பஸ்ஸில் இடம் கொடுத்தார்கள். நான் படிப்பிக்கிற பாடசாலையில் அதிபர் காலைக்கூட்டத்தில் என் பெயரைச் சொன்னார். தலை கொஞ்சம் வீங்கித்தான் போயிருந்தது.

நாலாவது வாரம் கட்டிடம் தீர்ந்துவிட்டது.

இது கொழும்பா என்ன, திரும்பின இடமெல்லாம் தூணும் கோபுரமும் நிற்க? புதன்கிழமை காலை பத்திரிகை ஆசிரியர் போன் செய்து, "மேட்டர் எங்க மாஸ்டர்?" என்று கேட்டார். "எழுதிக்கிட்டே இருக்கேன்" என்று கூசாமல் பொய் சொல்லிவிட்டு, பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே தேத்தண்ணீர்க் கடையில் போய் உட்கார்ந்தேன். கண்ணுக்கு நேரே ஹனீபா நானாவின் கடை.

வருடக்கணக்காகப் பார்த்த கடைதான். அன்றைக்குத்தான் கட்டிடத்தைப் பார்த்தேன். இரண்டு மாடி உயரம், ஆனால் நடுவில் மாடி இல்லை. கையை விரித்தாலும் அளக்க முடியாத பருமனில் கருங்கல் சுவர். ஒரு ஜன்னல் கிடையாது. கூரைக்குக் கீழே வரிசையாகச் சின்னச் சின்ன ஓட்டைகள். போய் உள்ளே எட்டிப் பார்த்தேன். அரிசி மூட்டைகளுக்கு மேலே சுவர் முழுக்கக் கரி பிடித்த கறுப்பு. அந்தக் கறுப்பில் அடுக்கடுக்காகச் சதுரக் குழிகள். பின்பக்கம் நிலத்தோடு நிலமாக ஒரு சுரங்க வாய், செங்கல் வைத்து அடைத்தது.

இங்கே ஓர் உண்மையைச் சொல்ல வேண்டும். நான் தலவாக்கலைப் பக்கத்து ஆள். தேயிலைத் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவன். கல்யாணம் முடித்து, மாற்றலும் வாங்கிக்கொண்டு இந்த ரப்பர் காட்டுக்கு வந்தவன். எனக்குத் தெரிந்த தோட்டத்துக் கட்டிடம் என்றால் தேயிலை பெக்டரி. அதற்குச் சுவரை விட ஜன்னல்தான் அதிகம். ஆகவே ஜன்னல் இல்லாத கட்டிடம் தோட்டத்துக் கட்டிடமாக இருக்க முடியாது. வேறு என்னவாக இருக்கும்?

கோட்டை.

ஏன் இருக்கக் கூடாது? ருவான்வெல்லையில் கோட்டை இருக்கிறது. அந்த ஊர்க்காரர்கள் அதைச் சொல்லிச் சொல்லிப் பீற்றிக்கொள்வதை எத்தனை நாள் கேட்டுக்கொண்டிருப்பது? மேலே இருக்கும் ஓட்டைகள் துப்பாக்கி நீட்ட. சதுரக் குழிகள் கைதிகள் படுக்கப் பலகை சொருக. கரி, கண்டி ராசாவின் படை வைத்த தீ. சுரங்கம்... அதைச் சொல்லவும் வேண்டுமா? தப்பியோடத்தான். ஒரு கேப்டனைக்கூடப் படைத்து, அவனுக்கு மீசையும் வைத்துவிட்டேன்.

'நம் டவுனில் ஒரு போர்த்துக்கேயக் கோட்டை?' என்று தலைப்பு. கேள்விக்குறியைக் கவனியுங்கள். மனசாட்சிக்காகப் போட்டது. அதை ஒருவரும் கவனிக்கவில்லை.

அடுத்து நடந்ததற்கு நான் பொறுப்பில்லை என்று சொல்ல ஆசைதான். யாரோ அதைச் சிங்களத்தில் எழுதி ஒரு பத்திரிகையில் போட்டார்கள். நாட்டில் சண்டை நின்ற இந்த நாட்களில் சனங்களுக்கு ஞாயிற்றுக்கிழமை வந்தால் வீட்டில் இருப்புக் கொள்வதில்லை. வாடகை வானைப் பிடித்துக்கொண்டு ஊர் பார்க்கக் கிளம்பிவிடுகிறார்கள். பத்து நாளில் ஹனீபா நானாவின் கடை முன்னால் மூன்று வான் நின்றது. இறங்கியவர்கள் பருப்பு மூட்டைக்குப் பக்கத்தில் நின்று போட்டோ பிடித்தார்கள். ஒருவரும் பருப்பு வாங்கவில்லை.

த்ரீவீல் ஓட்டுகிற சுனில், த்ரீவீல்கள் வரிசையாக நிற்கிற அந்த மூலைக்கு ஒரு பெயர்ப் பலகையே எழுதி நட்டுவிட்டான். 'பலகொட்டுவ பார்க்'. சிங்களத்தில் கோட்டைக்கு பலகொட்டுவ என்று பெயர். என்னைக் கண்டால், "மாஸ்டர் மாத்தயா, ஏறுங்க, சும்மா கொண்டு போய் விடறேன்" என்பான். ஏறாமல் இருப்பேனா? ஏறினேன்.

பிறகு கொழும்பிலிருந்து, பழைய கட்டிடங்களைக் கவனிக்கும் திணைக்களத்தின் ஆட்கள் வந்தார்கள். கதவில் ஒரு நோட்டீஸ் ஒட்டினார்கள். பரிசோதனை முடியும்வரை இந்தக் கட்டிடத்தில் ஓர் ஆணிகூட அடிக்கக் கூடாது, பிடுங்கவும் கூடாது. அவர்கள் செய்தது சரிதான். கோட்டை என்று ஒருவன் பேப்பரில் எழுதினால் வேறு என்ன செய்வார்கள்?

விஷயம் என்னவென்றால், ஹனீபா நானா சரியாக அந்த வாரம்தான் கூரையைப் பிரிக்க இருந்தார். பழைய ஓடுகளைக் கழற்றிவிட்டுத் தகரம் போட, தகரமெல்லாம் வாங்கிக் கடைக்குப் பின்னால் அடுக்கியாகிவிட்டது. தச்சு வேலை பாஸும் வந்து இடுப்புச் சாரத்தை மடித்துக் கட்டியாகிவிட்டது. நோட்டீஸைப் பார்த்ததும் பாஸ் மடிப்பை அவிழ்த்துவிட்டு வேறு வேலைக்குப் போய்விட்டார்.

"பெரிய மழைக்கி இன்னம் மூணு கெழம கூட இல்ல மாஸ்டர்" என்றார் ஹனீபா நானா, குடைக்குக் கீழே நின்றுகொண்டு. "இந்தத் தூத்தலுக்கே இப்பிடி ஒழுகுது. அரிசிய வீட்டுக்குக் கொண்டு போய் வெச்சீக்கிறன். பொஞ்சாதி புள்ளையள் மூட்டைக்கு நடுவுல படுக்கிற. மா கட்டி புடிச்சிப் போச்சி. பெரிய மழ வந்தா கடைய மூடுறதத் தவிர வேற வழி இல்ல. வாப்பா தொறந்த கட. ஒரு நாளும் மூடினதில்ல."

"நான் என்ன நானா செய்யணும்?"

"வாப்பா வாங்கினது ஏதோ ஒரு பழைய கட்டிடம். நீங்கதானே கட்டினீங்க கோட்டைய. நீங்களே ஒடைச்சி விடுங்க."

சத்தம் போட்டுத் திட்டியிருந்தால் திருப்பி நாலு வார்த்தை பேசியிருப்பேன். அவர் சத்தமே போடவில்லை. நனைந்த சீனிப் பொட்டலத்தை இன்னொரு பேப்பரில் சுற்றிக் கொடுத்தார். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

வீட்டுக்கு வந்து பொட்டலத்தை வைத்தேன். சரோஜா பிரித்துப் பார்த்தாள்.

சரோஜா என் மனைவி. பத்துப் பன்னிரண்டு வருடமாக நான் எழுதுகிற இந்தப் பத்தியில் ஒரு வரிகூடப் படிக்காத ஒரே வாசகி. கேட்டால், "வீட்டுல கேக்கறது பத்தாதுங்களா?" என்பாள். பிறந்ததும் வளர்ந்ததும் இந்த ரப்பர் தோட்டத்து லயத்தில்தான்.

"சீனி ஏன்ங்க நனஞ்சிருக்கு?"

"கோட்டை ஒழுகுது."

"ருவான்வெல்லைக்கா போனீங்க சீனி வாங்க?"

"இது நம்ம டவுன் கோட்டை. நான் எழுதினேனே."

"நம்ம டவுன்ல ஏது கோட்டை? எல்லாரும் பலகொட்டுவ பலகொட்டுவன்னாங்க, ருவான்வெல்லயில இருக்கறதத்தான் சொல்றாங்கன்னுல்ல நெனச்சேன்."

"ஹனீபா நானா கடைதான் அந்தக் கோட்டை."

சரோஜா என்னையே பார்த்தாள். பிறகு சுவரைப் பிடித்துக்கொண்டாள். பிறகு தரையில் உட்கார்ந்துவிட்டாள். கண்ணில் தண்ணீர் வருகிற வரைக்கும் சிரித்தாள். ஆறி, என் முகத்தைப் பார்த்து, மறுபடி ஆரம்பித்தாள்.

"அது ஸ்மோக்கவுஸுங்க" என்றாள், மூச்சு வாங்கிக்கொண்டு. "ரப்பர் சீட்டு காயப்போடுற ஸ்மோக்கவுஸு. தோட்டம் அப்ப டவுன் வரைக்கும் இருந்துச்சு. காணியெல்லாம் அரசாங்கம் எடுத்துப் பிரிச்சப்ப அந்தப் பக்கம் கைமாறிப் போயிருச்சு. எங்கம்மா அங்கதானே வேல செஞ்சாங்க."

"துப்பாக்கி ஓட்டை...?"

"பொக போறதுக்கு."

"சுவரில குழி குழியா..."

"கம்பு சொருகத்தான். சீட்ட அதுல தொங்கப்போடுவாங்க."

சுரங்கத்தைக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. கேட்டேன்.

"அது அடுப்புங்க. வெளிய இருந்து ரப்பர் வெறகு தள்ளுவாங்க, பொக உள்ளுக்குப் போவும்."

"ஒரு ஜன்னல்கூட இல்லையே?"

"தேயில காத்துல வாடும். ரப்பர் பொகையில காயும். ஜன்னல் வச்சா பொக எங்கிட்டுங்க நிக்கும்?"

இது ஒரு கேள்வியா? ஒரு பத்தி எழுத்தாளனை ஒரே வரியில் வீட்டுக்கு அனுப்புகிற கேள்வி.

"இத ஏன் நீ மொதல்லயே சொல்லல?"

"நீங்க கேட்டீங்களா?"

இனி எனக்கு என்ன வேலை? நேரே போய் உண்மையைச் சொல்லிவிட வேண்டியதுதானே? சொல்லவில்லை. இரண்டு நாள் சும்மா இருந்தேன். பஸ்ஸில் இடம், அதிபரின் பாராட்டு, சுனிலின் த்ரீவீல் எல்லாம் கண் முன்னால் வந்து நின்றன. போர்த்துக்கேயக் கேப்டனைக் கொன்றுவிட்டு ரப்பர் சீட்டைத் தொங்கவிட்டால் டவுனில் தலைகாட்ட முடியுமா? கோட்டை கோட்டையாகவே இருந்துவிட்டுப் போகட்டும், கூரைக்கு வேறு ஏதாவது வழி பார்க்கலாம் என்றுகூட நினைத்தேன். நினைத்தேன்தான். மறைப்பானேன்?

மூன்றாம் நாள் மத்தியானம் மழை அடித்தது. சோற்றில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். சரோஜா கேட்டாள்.

"ஒங்க பேரு பெருசா, அவரு அரிசி மூட்ட பெருசா?"

அந்தச் சோறு அதற்கு மேல் இறங்கவில்லை.

திணைக்களத்துப் பெண் அதிகாரி, எல்லோருக்கும் அவர் மிஸ், பரிசோதனைக்கு வருவதாகச் சொன்ன வியாழக்கிழமை, பாடசாலைக்கு லீவு போட்டுவிட்டு சரோஜாவையும் கூட்டிக்கொண்டு போனேன். மிஸ்ஸுக்கு முப்பது வயது இருக்கும். கையில் அளவு நாடா, தலையில் தொப்பி. கடைக்கு வெளியே சுனிலும் அவனுடைய பார்க்கிலுள்ள த்ரீவீல்காரர்களும் மொத்தமாகக் கூடியிருந்தார்கள். ஹனீபா நானா வாசலில் நின்று வாய்க்குள் ஓதிக்கொண்டிருந்தார்.

நான் என் தேயிலைத் தோட்டத்துச் சிங்களத்தில், "மிஸ், நான் எழுதினது பிழை. இது கோட்டை இல்லை" என்றேன்.

"அப்ப என்ன இது?" என்று சிங்களத்தில் கேட்டார் மிஸ். "ஒருத்தர் கோட்டை என்று எழுதினார், இன்றைக்கு அவரே இல்லை என்கிறார். நான் எதை ரிப்போர்ட்டில் எழுத? ஆதாரம் ஏதாவது இருக்கிறதா?"

சரோஜா எனக்கு முன்னால் வந்தாள். அவள் சிங்களம் பேசினால் திரும்பிப் பார்க்காமல் இவள் எந்த ஊர் என்று சொல்ல முடியாது, அவ்வளவு சுத்தம். ஓட்டை, குழி, அடுப்பு என்று ஒவ்வொன்றாகக் காட்டிக்கொண்டே போனாள். மிஸ் ஒவ்வொன்றையும் அளந்தார். கடைசியில், "இதெல்லாம் பார்த்தால் சரி போலத்தான் இருக்கிறது. ஆனால் நீங்கள் இதற்குள் வந்திருக்கிறீர்களா?" என்று கேட்டார்.

"நான் வரல மிஸ். என்னோட துணியெல்லாம் வந்திருக்கு."

எல்லோரும் அவளைப் பார்த்தோம்.

விஷயம் இதுதான். இந்தப் பக்கத்து மழையில் லயத்து வீட்டில் துணி காயாது. குழந்தைத் துணி கிழமைக்கணக்கில் ஈரமாகவே கிடந்து பூஞ்சணம் பிடித்துவிடும். டவுன் முழுக்கத் தேடினாலும் இராப்பகலாகச் சூடு இருக்கிற இடம் இது ஒன்றுதான். அதனால் இங்கே வேலை செய்த பெண்கள் மடியில் ஈரத்துணியைச் செருகிக்கொண்டு வருவார்களாம். ரப்பர் சீட்டுக்குப் பின்னால் தொங்கவிடுவார்களாம். வெள்ளைச் சட்டை தேத்தண்ணீர் நிறத்தில் திரும்பி வரும். ஆனால் காய்ந்து வரும். துரை பார்த்தால் வேலை போய்விடும் என்பதால் வாசலில் நின்று பார்த்தால் தெரியாத மூலையாகப் பார்த்து...

சொல்லிக்கொண்டே சரோஜா உள்ளே நடந்தாள். கதவுக்குப் பின்னால் இருந்த வெங்காய மூட்டைகளைத் தாண்டி, அந்த இருட்டு மூலையில் கையை உயர்த்திச் சுவரைத் தடவினாள்.

"கல்லு இடுக்குல எங்கம்மா அடிச்சதா சொன்ன ஆணி. ஏழு இருக்கணும்."

மிஸ் டார்ச் அடித்தார். கரிக்குள் புதைந்து, துருப்பிடித்து, வரிசையாக ஏழு ஆணி.

ஹனீபா நானாவுக்கே தெரியாதாம். "வாப்பா காலத்துலேர்ந்து இந்த மூலைல வெங்காயம்தான் வெச்சீக்கிறம்" என்று வந்து வந்து பார்த்தார்.

அந்த ஆணிகளை ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தேன். இந்தச் சுவரைப் பார்த்ததும் எனக்கு ஒரு கேப்டன் தோன்றினான், அவன் மீசை தோன்றியது, பீரங்கி தோன்றியது. ஈரத்துணியை மடியில் செருகிக்கொண்டு பயந்து பயந்து வந்த ஒரு பெண் தோன்றவேயில்லை. அதுவும் என் சொந்த மாமியார். நான் வரலாறு எழுதுகிறேனாம்.

மிஸ் அளவு நாடாவைக் கீழே வைத்துவிட்டார். முகம் முழுக்கச் சிரிப்பு.

"கோட்டை எங்களிடம் நிறைய இருக்கிறது. இந்த மாதிரி ஒன்று இல்லை. இதைக் கட்டாயம் பாதுகாக்க வேண்டும்."

ஹனீபா நானா வெங்காய மூட்டையில் உட்கார்ந்துவிட்டார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். பொய் சொன்னால் ஒரு நோட்டீஸ். உண்மை சொன்னால் இரண்டு நோட்டீஸா? இது என்ன நியாயம்?

"மிஸ்... அப்ப கூர?" என்று ஈனக்குரலில் கேட்டார் ஹனீபா நானா.

"கூரையை உங்கள் இஷ்டத்துக்கு மாற்ற முடியாது. முதலில் எப்படி இருந்ததோ அப்படித்தான் இருக்க வேண்டும்."

"முடிஞ்சி" என்றார் ஹனீபா நானா என்னிடம். "எல்லாம் முடிஞ்சி மாஸ்டர்."

"மொதல்ல ஓடு இல்லியே மிஸ்" என்றாள் சரோஜா. "தகரம்தான் இருந்துச்சு. மழ பேஞ்சா உள்ளுக்கு நிக்கிறவங்க சைகையிலதான் பேசிக்கணும்னு எங்கம்மா சொல்வாங்க."

மிஸ் ஹனீபா நானாவைப் பார்த்தார். ஹனீபா நானா மெதுவாக எழுந்தார். சிங்களம் தமிழ் எல்லாம் குழம்பிப்போய்ச் சொன்னார்.

"ஓ... ஓ மிஸ். ஓடு போட்டது என்ட வாப்பா. தகரம் சத்தம்னு கழட்டிப் போட்டுட்டு ஓடு போட்டவரு. கழட்டின பழைய தகரம் இப்பவும் வீட்டுல கோழிக்கூட்டுக்கு மேல ஈக்கி."

கோழிக்கூட்டைப் பரிசோதிக்கத் திணைக்களத்து ஜீப் போனது. பின்னால் ஆறு த்ரீவீல். மிஸ் தகரத்தை அளந்து, ஆணித் துளைகளை எண்ணி, கோழிகளிடம் கொத்து வாங்கி, கடைசியில் கடிதம் எழுதிக் கொடுத்தார். மேற்படி கட்டிடத்தின் கூரைக்குத் தகரம் மட்டுமே பயன்படுத்த வேண்டும். வேறு எதையும் போடக் கூடாது.

ஹனீபா நானா அந்தக் கடிதத்தை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

சுனிலுக்குத்தான் மனவருத்தம். "மாஸ்டர் மாத்தயா, ஒரு கெழம பொறுத்து சொல்லியிருக்கலாமே, போர்டு பெயிண்டுகூட இன்னும் காயல்ல" என்றான். பலகையை அவன் கழற்றவில்லை. ஸ்மோக்கவுஸ் பார்க் என்று போட்டால் யார் ஏறுவார்கள் என்கிறான். எனக்கு மட்டும் சும்மா ஏற்றுவதை நிறுத்திவிட்டான்.

கூரை வேலை போன வெள்ளிக்கிழமை முடிந்தது. பெரிய மழை சனிக்கிழமை வந்தது.

ஒழுகுகிறதா என்று பார்க்க டவுனே கடைக்குள் புகுந்துவிட்டது. சரோஜா, சுனில், தச்சு வேலை பாஸ், வெங்காயம் வாங்க வந்தவர்கள், எதுவும் வாங்காதவர்கள் எல்லோரும் அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றோம். ஒரு சொட்டு விழவில்லை. ஆனால் தகரத்தில் மழை அடித்த அடியில் பக்கத்தில் நிற்கிறவர் தும்மினால்கூடக் கேட்காது. ஹனீபா நானா எதையோ சொல்ல வாயைத் திறந்து, முடியாமல், என் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றார். அரை மணி நேரம் யாரும் யாரிடமும் ஒரு வார்த்தை பேசவில்லை.

அந்த அரை மணி நேரம் நானும் வாயை மூடிக்கொண்டுதான் நின்றேன் — வரலாறு இதையும் குறித்துக்கொள்ளட்டும்.